அனிக்காவுக்குக் கொடுத்த கிணறு

சொந்த நிலத்தில் கிணறு வைத்துக்கொண்டு, குடிக்கிற தண்ணீரைக் கடையில் பாட்டிலில் வாங்குகிற ஆள் எங்கள் ப்ரூண்டு ஊரில் ஒருவன்தான். பெயர் மிரோன். கடை என்னுடையது, டிங்கா அக்கா கடை என்பார்கள், அதனால் எனக்கு நஷ்டமில்லை. இருந்தாலும் அவன் சில்லறையை மேசையில் வைத்துவிட்டு, பச்சை மூடி போட்ட பாட்டிலைக் கோட்டுப் பைக்குள் செருகிக்கொண்டு வயல் பக்கம் நடக்கும்போதெல்லாம் எனக்கு எரிச்சலாக வரும். முதலில் அவன்மேல் வரும். பிறகு ரோடு போட்டவர்கள்மேல். கடைசியில் யார்மேல் என்றே தெரியாது.

வெளியூர்க்காரர்கள் அவனைப் பைத்தியம் என்பார்கள். ஊர்க்காரர்கள் அப்படிச் சொல்வதில்லை. சொல்வதற்கு ஊரில் ஆள் வேண்டுமே. பாதிப் பேர் இத்தாலியில், மீதியில் பாதி ஸ்பெயினில். என் பிள்ளைகள் இரண்டு பேரும் ஸ்பெயினில்தான், ஈஸ்டருக்கு ஈஸ்டர் போனில் முகம் காட்டுவார்கள். இங்கே மிச்சம் இருப்பது நான், மிரோன், பாதிரியார், பக்கத்து நிலத்து ஃபானே, இன்னும் சில கிழங்கள், நாய்கள். கழுதை தேய்ந்து கட்டெறும்பு ஆன கதைதான்.

மிரோன் ரயில்வேயில் தண்டவாளம் பார்க்கிற வேலையில் இருந்தவன். நீளக் கைப்பிடி வைத்த சுத்தியலைத் தோளில் போட்டுக்கொண்டு, தண்டவாளத்தைத் தட்டித் தட்டிச் சத்தம் கேட்டபடி தனியாக நடப்பான். அந்த வேலைக்குப் பேச்சு தேவையில்லை. அவனுக்கும் தேவையில்லாமல் போயிற்று. அவனிடமிருந்து ஒரு வார்த்தை வாங்குவது கல்லில் நார் உரிக்கிற வேலை. அவன் மனைவி அனிக்கா இரண்டு பேருக்கும் சேர்த்துப் பேசினாள், இரண்டு பேருக்கும் சேர்த்துக் கோபித்தும் கொண்டாள். ஒருமுறை அவள் விற்கக் கொண்டுவந்த முட்டையை நான் காதருகே வைத்துக் குலுக்கிப் பார்த்துவிட்டேன். அதற்காக ஒரு வருஷம் என் கடை வாசலை மிதிக்கவில்லை. கிறிஸ்துமஸுக்கு நானே பன்றிக் கறித் துண்டோடு அவள் வீட்டுக்குப் போய் நின்ற பிறகுதான் முகம் கொடுத்தாள்.

எங்கள் ஊர் ரயில் நிறுத்தத்தை மூடினார்கள். மிரோனின் வேலையும் போயிற்று. அனிக்கா இத்தாலிக்குக் கிளம்பினாள், படுத்த படுக்கையாக இருந்த ஒரு கிழவரைப் பார்த்துக்கொள்ள. அவள் அனுப்பிய காசில் அவர்கள் வீட்டுக்குச் சிவப்புத் தகரக் கூரை வந்தது. கோடையில் வந்து ஒரு மாசம் இருப்பாள். ஒரு கோடையில் அவளுக்குப் பதிலாகச் சவப்பெட்டி வந்தது.

ஆகஸ்ட் வெயிலில், அந்தக் கிழவரின் அடுக்குமாடி வீட்டுச் சமையலறையில் விழுந்திருக்கிறாள். அக்கம்பக்கத்து வீட்டுக்காரர்கள் எல்லாரும் கடற்கரைக்குப் போயிருந்தார்கள். கிழவர் கட்டிலில் கிடந்து கத்தியது யாருக்கும் கேட்கவில்லை. கதவை உடைத்துப் பார்த்தபோது எல்லாம் முடிந்திருந்தது. அங்கே அவளைக் குளிப்பாட்டிய பெண் எங்கள் ஊர்ப் பக்கத்துக்காரி. மிரோனுக்கு ஆறுதல் சொல்லப் போன் செய்தவள் எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள், மேசைமேல் தண்ணீர் ஜாடி இருந்ததையும், அனிக்காவின் கை அதை நோக்கி நீண்டு கிடந்ததையும். அதை அவள் சொல்லாமல் இருந்திருக்கலாம். நல்லவர்களுக்குத்தான் வாயை எங்கே மூடுவது என்று தெரியாது.

கையில் மெழுகுவர்த்தி எரியாமல் சாவது எங்களுக்குப் பெரிய குறை. தாகத்தோடு சாவது அதைவிடப் பெரிய குறை. அனிக்காவுக்கு இரண்டும் நேர்ந்தது. அடக்கம் முடிந்து, கோதுமைப் பொங்கலும் ரொட்டியும் கொடுத்து முடிந்த பிறகு மிரோன் கடைக்கு வந்து நின்றான்.

"அக்கா, கிணறு வெட்டப் போறேன். அவளுக்கு."

அவ்வளவுதான் சொன்னான். எங்களில் இது புதிதில்லை. போனவர்களின் பெயரால் எதைக் கொடுக்கிறோமோ அது அந்தப் பக்கம் அவர்கள் கைக்குப் போய்ச் சேரும். பாத்திரம் கொடுத்தால் பாத்திரம். கோழி கொடுத்தால் கோழி. கிணறு கொடுத்தால் தீராத தண்ணீர்.

அவனுடைய நிலம் அப்பன் வழியில் வந்த நீளக் கீற்று. அதன் ஓரமாக மண் பாதை ஒன்று, ஊரிலிருந்து பழைய ரயில் நிறுத்தம் வழியாக ஓல்ட் என்கிற ஆற்றின் கரைக்குப் போகும். அந்தப் பாதையோரத்தில் வெட்டினான். சிமென்ட் உறை இறக்கி, சக்கரமும் சங்கிலியும் வைத்து, மேலே சின்னத் தகரக் கூரை போட்டு, பக்கத்தில் மரச் சிலுவை நட்டு அதில் அவள் பெயரைச் செதுக்கினான். தகரக் குவளை ஒன்றைச் சங்கிலியில் கட்டித் தொங்கவிட்டான். பாதிரியார் வந்து மந்திரம் சொல்லித் தீர்த்தம் தெளித்தார். முதல் குவளை எனக்குத்தான் கொடுத்தான். பல் கூசுகிற குளிர்ச்சி, இனிப்பான தண்ணீர்.

"போக்தாப்ரோஸ்தே" என்றேன்.

போனவர்கள் பேரால் கொடுத்ததை வாங்கிக்கொண்டவர்கள் சொல்ல வேண்டிய வார்த்தை அது. போனவர்களைக் கடவுள் மன்னிக்கட்டும் என்று அர்த்தம். நன்றி என்று சொல்லக் கூடாது. ஒருமுறை காரில் வந்த நகரத்து ஆள் ஒருவன் குடித்துவிட்டு, "ரொம்ப நன்றிங்க பெரியவரே" என்று சொல்லிக் கிளம்பிவிட்டான். மிரோன் புழுதியில் காருக்குப் பின்னாலேயே ஓடினானாம். "நன்றின்னா அது எனக்கு வந்துடும். எனக்கு எதுக்கு அது? அவளுக்குல்ல போகணும்" என்று அன்று கடையில் வந்து புலம்பினான். இவ்வளவு நீளமாக அவன் பேசி நான் அதற்கு முன் கேட்டதில்லை.

இன்னொன்றும் செய்தான். அந்தக் கிணற்றிலிருந்து அவன் ஒரு வாய் குடிக்கவில்லை. இது யாரும் போட்ட சட்டமில்லை. தானமாகக் கொடுத்த கிணற்றில் கொடுத்தவர்களும் குடித்துக்கொண்டுதான் இருக்கிறார்கள் என்று பாதிரியாரே சொல்லிப் பார்த்தார். மிரோன் கேட்கவில்லை. அவளுக்குக் கொடுத்ததில் தான் கை வைப்பதா என்றான். வயலில் வேலை செய்யும்போது வீட்டிலிருந்து குடுவையில் எடுத்துப் போவான், வீட்டுக் கிணறு வற்றினால் என் கடைப் பாட்டில்.

ஆடு மேய்ப்பவர்கள் குடித்தார்கள். தர்பூசணி வண்டிக்காரர்கள் குடித்தார்கள். ஆற்றில் மீன் பிடிக்கப் போகிறவர்கள் குடித்தார்கள். மிரோன் மக்காச்சோளத்துக்கு மண் அணைத்துக்கொண்டிருப்பான். அந்த வார்த்தை காதில் விழுந்தால் மண்வெட்டியை நிறுத்திவிட்டு ஒரு நிமிஷம் நிற்பான். பிறகு வேலையைத் தொடர்வான். அந்த நாட்களில் அவன் தனியாக இருந்தான் என்று சொல்ல எனக்கு மனம் வராது.

கிணறு வெட்டப் பூதம் புறப்பட்டது என்பார்கள். எங்கள் ஊரில் பூதம் ஆரஞ்சுச் சட்டை போட்டு, முக்காலியில் தொலைநோக்கிக் கண்ணாடி வைத்து நிலத்தை அளந்துகொண்டு வந்தது. நான்கு தடத்தில் விரைவுச் சாலை போடப் போகிறார்களாம். அது மிரோனின் கீற்றைக் குறுக்கே வெட்டிக்கொண்டு போனது. கிணறு சரியாக நடுவில் விழுந்தது.

சாலை எந்த வழியாகப் போகிறது என்று தெரிந்த உடனேயே ஃபானேயின் நிலத்தில் ஒரே வாரத்தில் ப்ளம் தோப்பு முளைத்துவிட்டது. கிடைத்த குச்சியை எல்லாம் நட்டான். என் கடையில் வாங்கிய துடைப்பத்தின் கம்பையும் நட்டிருப்பான் என்றுதான் எனக்குச் சந்தேகம்.

"கவர்மெண்ட்டு மரத்துக்குத் தனியாக் காசு குடுக்குது அக்கா" என்றான் ஃபானே. "குச்சியா மரமான்னு குனிஞ்சு பாக்க அவனுக்கு ஏது நேரம்?"

"ஒரு மழை பெஞ்சா எல்லாம் சாஞ்சுடும்டா."

"அதுக்குள்ள கணக்கெடுத்துட்டுப் போயிடுவான்."

போய்விட்டார்கள். வாயுள்ள பிள்ளை பிழைக்கும். மதிப்புப் போட வந்தவள் தலைநகரத்துப் பெண், சின்ன வயது, புதுக் காலணி. ஃபானே அவளைக் கையைப் பிடிக்காத குறையாகக் கூட்டிக்கொண்டு போய் ஒவ்வொரு குச்சிக்கும் ஒரு வரலாறு சொன்னான். பிறகு அவள் மிரோனின் நிலத்துக்கு வந்தாள். நானும் வேடிக்கை பார்க்கப் போயிருந்தேன்.

"இந்தக் கிணறு உங்களோடதுதானே?" என்று கேட்டாள்.

"என்னோடது இல்லை" என்றான் மிரோன்.

"பின்ன யாரோடது?"

"அனிக்காவோடது."

"அவங்க எங்க இருக்காங்க? ஒரு கையெழுத்து வாங்கணும்."

மிரோன் கல்லறைத் தோட்டம் இருக்கிற பக்கம் கையைக் காட்டினான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நான் வாயைத் திறப்பதற்குள் அந்தப் பெண் அந்தப் பக்கமாகக் காரை ஓட்டிக்கொண்டு போய்விட்டாள். திரும்பி வந்தபோது யாரையும் ஒன்றும் கேட்கவில்லை. எதையோ எழுதிக்கொண்டு கிளம்பிவிட்டாள்.

முடிவு தபாலில் வந்தது. மிரோனின் கறுப்பு மண்ணை மேய்ச்சல் தரிசு என்று மதிப்புப் போட்டிருந்தார்கள். கிணற்றுக்கு நேரே, உரிமையாளர் தெரியவில்லை, பொதுப் பயன்பாடு என்று எழுதி, தொகை இருக்க வேண்டிய இடத்தில் சைபர் போட்டிருந்தார்கள். ஃபானேயின் குச்சிகளுக்கு வந்த காசில் அவன் கார் வாங்கினான். அன்று நான் கடையில் என்ன பேசினேன் என்பதை இங்கே எழுத முடியாது. பாதிரியார் காதைப் பொத்திக்கொண்டு வெளியே போனார்.

மிரோன் மட்டும் கோபப்படவில்லை. மண் அணைப்பதை நிறுத்திவிட்டுக் கிணற்று விளிம்பில் உட்கார்ந்திருந்தவனை நானே போய்க் கூப்பிட்டேன்.

"அக்கா, இதை மூடிட்டா அவளுக்கு அங்க தண்ணி நின்னுடும்" என்றான். "மறுபடி கை நீட்டிக்கிட்டுக் கிடப்பா."

அதுதான் அவன் பயம். பணத்தைப் பற்றி அவன் கவலைப்படவே இல்லை. ரோட்டுக்குப் போனது போக மேட்டுப் பக்கம் ஒரு துண்டு நிலம் மிஞ்சும், அங்கே இன்னொரு கிணறு வெட்ட வேண்டும். ஆனால் மேட்டில் தண்ணீர் அடி ஆழத்தில் இருந்தது. கிணறு வெட்டுகிறவன் சொன்ன தொகையைக் கேட்டு எனக்கே தலை சுற்றியது. நிலத்துக்கு வரும் காசை வைத்துத்தான் மிரோன் கடைசிக் காலத்தை ஓட்ட வேண்டும். அவனுடைய ஓய்வூதியம் குளிர்காலத்து விறகுக்கே காணாது. கிணற்றுக்குக் கிணற்று விலையைக் கொடுத்தால்தான் இன்னொரு கிணறு. நியாயம் என்றால் அதுதான் நியாயம், எடுத்ததைத் திரும்ப உண்டாக்கிக்கொள்ளப் போதுமானதைக் கொடுப்பது.

கோர்ட்டுக்குப் போகச் சொல்லி நான்தான் பிடித்துத் தள்ளினேன். வக்கீல் பெயர் ரெமுஸ், பேச்சில் வேகம், மனசும் நல்ல மனசு. என் கடையிலேயே உட்கார்ந்து காகிதங்களைப் பார்த்தார்.

"நிலத்துக்கு வேற நிபுணரை வெச்சு மதிப்புப் போடச் சொல்லலாம், கண்டிப்பா ஏறும்" என்றார். "கிணறு அதைவிடச் சுலபம். நிலம் உங்களுது, காசு உங்களுது. ஜட்ஜம்மா கேக்கும்போது ஒரே ஒரு வார்த்தை சொல்லணும். 'என்னுது.' அவ்வளவுதான்."

மிரோன் மேசையில் கிடந்த காகிதங்களை அடுக்கி அவர் பக்கம் தள்ளினான்.

"சொல்லுவீங்கல்ல அண்ணே?"

"குடுத்துட்டேனே தம்பி."

"குடுத்தீங்க, சரி. வாயால சும்மா சொல்றதுதானே?"

"வாயால சொல்லித்தானே குடுத்தேன்."

பாதிரியாரைக் கூப்பிட்டேன். அவர் தாடியைத் தடவிக்கொண்டு, "மிரோன், கோர்ட்டுல சொல்ற வார்த்தை வேற, கோயில்ல சொல்ற வார்த்தை வேற. கடவுளுக்கு இது தெரியும். தைரியமாச் சொல்லு" என்றார். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி விடமாட்டார் என்பார்கள். இங்கே பூசாரி வரம் கொடுத்துவிட்டார்.

"கடவுளுக்குத் தெரியும் சாமி. அனிக்காவுக்குத் தெரியணுமே" என்றான் மிரோன். "முட்டையைக் குலுக்கினதுக்கே ஒரு வருஷம் பேசாம இருந்தவ அவ."

நான் கோபப்பட்டுக் கத்தினேன். "நீ வாயைத் திறக்கலேன்னா அவளுக்குக் கிணறே இல்லைடா. திறந்தா இன்னொண்ணு வெட்டலாம். எது பெரிசு?"

"குடுத்ததைத் திருப்பி வாங்கி, வித்து, அந்தக் காசுல இன்னொண்ணு குடுக்கறதா அக்கா? அதை அவ கையால வாங்குவாளா?"

கையில் ஒன்றும் இல்லாதவனுக்குத்தான் இப்படி எல்லாம் யோசிக்க நேரம் கிடைக்கிறது என்று அன்று முழுக்கத் திட்டிக்கொண்டே சர்க்கரை மூட்டை அடுக்கினேன்.

விசாரணை நாளில் நானும் போனேன், சாட்சியாக. மிரோன் கல்யாணத்துக்குத் தைத்த கோட்டைப் போட்டுக்கொண்டு வந்தான். அது அவன்மேல் தொங்கியது. நீதிபதி நடுவயதுப் பெண், முகத்தில் தூக்கம் இல்லாத களைப்பு. நிலத்து விவகாரம் சீக்கிரம் முடிந்தது. புது நிபுணர், அது தரிசு இல்லை, நல்ல விளைநிலம் என்று சொல்லிவிட்டார். பிறகு கிணற்றுக்கு வந்தார்கள்.

"கிணறு உங்க நிலத்துல இருக்கு. சரிதானே?" என்று நீதிபதி கேட்டார்.

"ஆமாங்கம்மா."

"உங்க காசுல வெட்டினீங்க."

"ஆமாங்கம்மா."

"அப்ப அது உங்களுது."

ரெமுஸ் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார். மிரோன் தொப்பியைக் கையில் சுருட்டினான், பிரித்தான், மறுபடி சுருட்டினான்.

"இல்லைங்கம்மா. குடுத்துட்டேன்."

"யாருக்கு?"

"என் வீட்டுக்காரிக்கு."

"பத்திரம் எழுதினீங்களா?"

"இல்லைங்க. அவ செத்தப்புறம் குடுத்தது."

பின் பெஞ்சில் ஒருவன் சிரித்தான். நீதிபதி அவனை ஒரு பார்வை பார்த்தார், அவன் அடங்கினான். அந்த அம்மாள் மிரோனுக்கு உதவி செய்யத்தான் நினைத்தார். கேள்வியை மாற்றி மாற்றிப் போட்டார். கிணற்றைப் பராமரிப்பது யார், சங்கிலி அறுந்தால் வாங்கிப் போடுவது யார், நீங்கள்தானே, அப்படியானால் உங்களுடையது என்று சொல்லலாம்தானே என்று கேட்டார். கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நிற்கிற மாதிரி இருந்தது. இவன் ஒவ்வொரு தடவையும் வாசலிலேயே நின்றுவிட்டான்.

பிறகு என்னைக் கூப்பிட்டார்கள். கிணறு மிரோனுடையது, ஊருக்கே தெரியும் என்று நான் சொல்ல வேண்டும். பஸ்ஸில் வரும்போது ரெமுஸ் அதை எனக்குச் சொல்லிக் கொடுத்திருந்தார். நானும் சொல்லத்தான் போனேன்.

"நீங்க அந்தக் கிணத்துல குடிச்சிருக்கீங்களா?" என்று நீதிபதி கேட்டார்.

"குடிச்சிருக்கேன்மா. முதல் குவளையே நான்தான்."

"குடிச்சுட்டு என்ன சொன்னீங்க?"

இந்தக் கேள்வியை ரெமுஸ் சொல்லிக் கொடுக்கவில்லை. அப்போதுதான் எனக்குப் புரிந்தது, இந்த அம்மாளும் எங்கள் ஊர்ப் பக்கத்தில் பிறந்தவர்தான். மிரோனைத் திரும்பிப் பார்த்தேன். அவன் என்னைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். நன்றி சொன்னேன் என்று நான் சொல்லிவிட்டால் கிணறு அவனுடையதாகிவிடும். சொந்தக்காரனுக்குத்தானே நன்றி. ஒரே வார்த்தை. வாய்வரை வந்துவிட்டது.

"போக்தாப்ரோஸ்தேன்னு சொன்னேன்மா."

நீதிபதி பேனாவைக் கீழே வைத்தார்.

"எனக்குப் புரியுது" என்றார் மிரோனிடம். "ஆனா நான் எழுதற காகிதத்துல செத்துப்போனவங்களுக்குச் சொத்து கிடையாதே பெரியவரே."

நிலத்துக்குத் தொகை ஏறியது. கிணற்றுக்கு ஒன்றும் இல்லை. திரும்பும்போது ரெமுஸ் பஸ்ஸில் என்னை விட்டு முன் சீட்டுக்குப் போய்விட்டார். டிங்கா அக்காதான் கேஸைக் கெடுத்தாள் என்று ஃபானே இன்றைக்கும் சொல்லிக்கொண்டு திரிகிறான். மிரோன் மட்டும் பஸ்ஸில் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, கோட்டுப் பையிலிருந்து ஒரு ஆப்பிளை எடுத்துச் சட்டையில் துடைத்து என்னிடம் நீட்டினான்.

காசு வந்ததும் கிணறு வெட்டுகிறவனைக் கூட்டிவந்தான். எவ்வளவோ சொன்னேன். கிழவயதில் கையில் காசு வேண்டும், நோய் வந்தால் யார் பார்ப்பார்கள் என்றேன். "பாக்கறதுக்கு யாரும் இல்லேன்னா காசு மட்டும் இருந்து என்ன பண்ணும்?" என்று கேட்டான். மேட்டு நிலத்தில் தோண்டினார்கள், தோண்டினார்கள், வறண்ட களிமண்தான் வந்தது. உறைக்கு மேல் உறை இறக்கினார்கள். அவனுடைய கடைசிக் காலத்துக்கான காசு முழுக்க அந்தப் பள்ளத்துக்குள் இறங்குவதை நாங்கள் சுற்றி நின்று பார்த்தோம். தண்ணீர் வந்தது, குடிக்கிற மாதிரி தெளிய நாளாகும் என்றான் வெட்டியவன். அன்று அவன் அழுதான். நானும்தான்.

பழைய கிணற்றை மண் தள்ளி மூட இயந்திரம் வந்த காலையில் மிரோன் கடைசியாக ஒரு வாளி இறைத்தான். அதைத் தளும்பாமல் மேட்டுக்குச் சுமந்து போய்ப் புதுக் கிணற்றில் ஊற்றினான். சிலுவையைப் பிடுங்கித் தோளில் வைத்துக்கொண்டு போய் அங்கே நட்டான். அந்த இயந்திரத்தை ஓட்டியவன் ஒரு துருக்கிக்காரன், எதிரேதான் உட்கார்ந்து சிகரெட் குடித்துக்கொண்டிருந்தான். மிரோன் நட்டு முடிக்கும்வரை வண்டியைக் கிளப்பவில்லை.

சாலை வேலை நடந்த வருஷம் பரவாயில்லை. அந்தத் துருக்கிக்காரனும் கூட்டாளிகளும் மதியத்தில் மேட்டுக் கிணற்றுக்குப் போவார்கள், குடித்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள். மிரோன் அவர்களுக்கு அந்த வார்த்தையைச் சொல்லிக் கொடுத்தான். அவர்கள் வாயில் அது "புக்தா புருஸ்து" என்று வந்தது.

"இது போய்ச் சேருமா அக்கா?" என்று மிரோன் என்னிடம் கவலையாகக் கேட்டான்.

"அனிக்கா இத்தாலிக்காரனோட பேச்சையே புரிஞ்சுக்கிட்டவ. இது புரியாதா?" என்றேன். அன்றைக்குச் சிரித்தான்.

வேலை முடிந்தது. அவர்கள் போனார்கள். சாலையின் இரண்டு பக்கமும் கம்பி வேலி வந்தது. மண் பாதை அந்த வேலியில் போய் முட்டி நின்றது. ஆற்றுக்குப் போகிறவர்கள் இப்போது மேம்பாலம் சுற்றிப் போகிறார்கள். ஆடுகளை வேறு பக்கம் ஓட்டுகிறார்கள். ஊருக்குள் குழாய் வந்துவிட்டது, மிரோன் வீட்டுக்கு மட்டும்தான் இன்னும் வரவில்லை. கிணறு இருக்கிறது, குவளை இருக்கிறது, தண்ணீர் இருக்கிறது. குடிக்கத்தான் ஆள் இல்லை. வேலிக்கு அந்தப் பக்கம் கார்கள் ஓயாமல் போகின்றன. ஒன்றுகூட நிற்காது. நிற்கவும் கூடாதாம். யாரும் குடிக்காத கிணறு தானமாகாது. குடித்து, அந்த வார்த்தையைச் சொன்னால்தான் அந்தப் பக்கம் ஒரு குவளை நிறையும்.

மிரோன் தினமும் அங்கே போய் உட்கார்ந்தான், யாராவது வருவார்கள் என்று. காலையில் என் கடையில் பாட்டில் வாங்குவான், கிணற்றடியில் உட்கார்ந்து அதைக் குடிப்பான், சாயங்காலம் காலிப் பாட்டிலோடு திரும்புவான். வரும்போது நான் ஒன்றும் கேட்பதில்லை. முகத்தைப் பார்த்தாலே தெரிந்துவிடும்.

போன இலையுதிர் காலத்தில் சில நாள் கடைக்கு வரவில்லை. எனக்கு இரண்டு முட்டியும் தேய்ந்துவிட்டது, கோயிலுக்கே உட்கார்ந்து உட்கார்ந்துதான் போவேன். இருந்தும் கடையைப் பூட்டினேன். ஒரு பாட்டிலை எடுத்துப் பையில் போட்டுக்கொண்டு, எல்லாரையும் திட்டிக்கொண்டு மேடு ஏறினேன்.

அவன் சிலுவைக்குப் பக்கத்தில், கோட்டுக் காலரைத் தூக்கிவிட்டு உட்கார்ந்திருந்தான். உதடு வெடித்திருந்தது.

"ஏன்டா கடைப் பக்கம் வரலை?"

"அவளுக்குக் கிடைக்காதப்ப நான் மட்டும் குடிக்கிறது நல்லா இல்லை அக்கா."

பாட்டிலை அவன் மடியில் போட்டேன். "முதல்ல இதைக் குடி, பைத்தியக்காரா. அப்புறம் எனக்கு இறைச்சு ஊத்து. இவ்வளவு தூரம் ஏறி வந்திருக்கேன், தொண்டை காயுது."

அவன் எழுந்த வேகத்தைப் பார்க்க வேண்டும். சக்கரம் கிரீச்சிட்டது. வாளி ஏறி வர வெகு நேரம் ஆயிற்று. குவளையைக் கழுவி, நிறைத்து, இரண்டு கையாலும் நீட்டினான். குடித்தேன். பழைய கிணற்றுத் தண்ணீரின் இனிப்பு இதில் இல்லை. சுண்ணாம்பும் துருவும் கலந்த கசப்பு. நாக்கின் அடியில் உப்பு. துருக்கிக்காரர்கள் இதைக் குடித்தபோது ஏன் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள் என்று அப்போது தெரிந்தது.

"போக்தாப்ரோஸ்தே" என்றேன்.

மிரோன் என் வாயையே பார்த்துக்கொண்டு நின்றான்.

"எப்படி இருக்கு அக்கா? நல்லா இருக்கா?"

அவன் அதை ஒருநாளும் குடித்ததில்லை. தன் காசை எல்லாம் கொட்டி, அவளுக்கு என்ன கொடுத்திருக்கிறோம் என்று அவனுக்கே தெரியாது. நான் மனதில் பட்டதை முகத்துக்கு நேரே சொல்கிறவள், அனிக்காவுக்கும் எனக்கும் சண்டை வந்ததே அதனால்தான். குவளையை அவனிடம் திருப்பி நீட்டினேன்.

"இன்னொண்ணு ஊத்து."

ஊற்றினான். அவசரத்தில் பாதி என் செருப்பில் விழுந்தது. அதையும் கடைசிச் சொட்டுவரை குடித்து, அந்த வார்த்தையையும் சொன்னேன். அவன் சிலுவைப் பக்கம் திரும்பி, பாட்டிலின் பச்சை மூடியைத் திறந்தான்.

"நாளைக்கும் வருவியா?" என்று திரும்பாமலே கேட்டான்.

"முட்டி இருக்கற வரைக்கும்."

"முட்டி போனா?"

நான் செருப்பைக் கழற்றித் தண்ணீரை உதறினேன். அவனுக்குப் பிறகு அவனுக்காக யார் குடிப்பார்கள், எனக்காக யார் கொடுப்பார்கள்? ஸ்பெயினிலிருந்து யாரும் ஒரு குவளைத் தண்ணீருக்காக வரப் போவதில்லை. வேலிக்கு அந்தப் பக்கம் லாரிகள் போய்க்கொண்டிருந்தன.

இப்போது மதியத்தில் என் கடைக்கு வந்தால் கதவில் அட்டை தொங்கும்: தண்ணீர் குடிக்கப் போயிருக்கிறேன். கிணற்றுக்குத் தண்ணீர்ப் பாட்டில் தூக்கிக்கொண்டு போகிற கிழவி என்று ஃபானே ஊரெல்லாம் சொல்லிச் சிரிக்கிறான். சிரிக்கட்டும். அவசரமாக ஏதாவது வேண்டுமென்றால் மேட்டுக்கு வரலாம். வருகிறவர்களுக்கு மிரோன் ஒரு குவளை ஊற்றிக் கொடுப்பான். கசக்கும். குடித்துவிட்டு நன்றி என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள்.